எஸ், ப்ளீஸ்

பிப்ரவரி 3, செவ்வாய்

எங்கள் ஆஸ்பத்திரி திருடுகிறது. முப்பத்திரண்டு நர்ஸ்களின் அசல் சான்றிதழ்களை நிர்வாக அதிகாரியின் அறைப் பீரோவில் வைத்துப் பூட்டியிருக்கிறது. பத்தாம் வகுப்பு, பிளஸ் டூ, நர்சிங் டிப்ளமோ, கவுன்சில் பதிவு, சாதிச் சான்றிதழ், எல்லாம். வேலைக்குச் சேர்ந்த அன்று 'சரிபார்த்துவிட்டுத் தருகிறோம்' என்று வாங்கினார்கள். ஒப்பந்தம், எங்கள் பேச்சில் பாண்ட், இரண்டு வருடம். என்னுடையது போன நவம்பரோடு முடிந்துவிட்டது. இன்னும் சரிபார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

இன்று போனில் தகவல் வந்தது. அரசு செவிலியர் பணிக்கான பட்டியலில் என் பெயர் இருக்கிறது. முத்துப்பேச்சி, த/பெ பால்ச்சாமி, எழுத்துப்பிழை இல்லாமல். மார்ச் 4 காலை பத்து மணிக்குச் சென்னையில் சான்றிதழ் சரிபார்ப்பு. அசல் கொண்டுவராதவர்கள் நிராகரிக்கப்படுவார்கள் என்று தடித்த எழுத்தில் போட்டிருக்கிறது.

மதியம் நிர்வாக அதிகாரி, ஏ.ஓ. மனோகரனிடம் போய்க் கேட்டேன். அவர் கத்துகிற ஆள் இல்லை. சிரித்த முகமாக, "பாக்கலாம்மா" என்றார். மதுரையில் பாக்கலாம் என்றால் முடியாது என்று அர்த்தம்.

அதன்பிறகு மூன்று ஊசி, ஒரு டிரஸ்ஸிங், 14ஆம் படுக்கைக்கு விரிப்பு மாற்றியது.

இந்த டைரி மருந்துக் கம்பெனிக்காரர் கொடுத்தது. பக்கத்துக்குப் பக்கம் கீழே ஒரு மாத்திரை விளம்பரம். இருக்கட்டும், தாள் நல்ல தாள்.

பிப்ரவரி 5, வியாழன்

தரச்சான்று கொடுக்கிறவர்கள் 24ஆம் தேதி ஆய்வுக்கு வருகிறார்களாம். அதற்குள் எங்கள் எல்லோருக்கும் இங்கிலீஷ் வர வேண்டுமாம். ஷிஃப்ட் மாறுகிற இரண்டரை மணிக்குக் கான்ஃபரன்ஸ் ஹாலில் வகுப்பு. நாகஜோதி ஏ.சி.க்காக வந்தாள். அவள் என் கூட அறையில் இருப்பவள். எது சொன்னாலும் முகத்தை அசைக்காமல் சொல்வாள்.

ஷீபா மேடம் கோயம்புத்தூரிலிருந்து வந்திருக்கிறார். பாடத்தின் தலைப்பு, உதவி செய்ய முன்வருவது, உதவியை ஏற்பது, உதவியை நாகரிகமாக மறுப்பது. தாள் கொடுத்தார். வுட் யூ லைக் மீ டு ஹெல்ப் யூ? எஸ், ப்ளீஸ், தட்ஸ் வெரி கைண்ட் ஆஃப் யூ. நோ, தேங்க் யூ, ஐ கேன் மேனேஜ்.

எனக்கு எரிச்சல்தான் வந்தது. நோயாளியைப் புரட்டிப் போட்டு, துடைத்து, வாந்தியைக் கையில் பிடித்துக்கொண்டிருக்கிறவளுக்கு, உதவட்டுமா என்று கேட்கச் சொல்லித் தருகிறார்கள். எங்களிடம் இதுவரை ஒருத்தர் கேட்டதில்லை.

மேடம் ஃபிளாஸ்கில் காப்பி கொண்டுவந்திருந்தார். பயிற்சிக்காக நாகஜோதியிடம் காப்பி வேண்டுமா என்று இங்கிலீஷில் கேட்டார். அவள் "நோ மேடம், இட்ஸ் ஓகே" என்றாள். வெரி குட் என்று சொல்லிவிட்டு மேடம் அடுத்தவளிடம் போனார். அவளும் இட்ஸ் ஓகே. இப்படியே பதினோரு பேர். கடைசியில் ஃபிளாஸ்க்கை மூடி மேசைக்கு அடியில் வைத்துவிட்டார். எல்லோர் கண்ணும் மேசைக்கு அடியிலேயே இருந்தது.

நாகஜோதி என் காதில், "என்ன பொம்பள இவுக? ஒரு வாட்டி கேட்டுட்டு மூடிப்புட்டாக" என்றாள்.

நான் எழுந்து மேடத்துக்கு விளக்கினேன். எங்கள் ஊரில் முதல் தடவை வேண்டாம் என்பது மரியாதைக்கு. இரண்டாவது தடவை வேண்டாம் என்பது, கேட்கிறவர் மனசாரத்தான் கேட்கிறாரா என்று பார்ப்பதற்கு. மூன்றாவது தடவை கேட்டால் குடிப்போம். மேடம் நிஜமாகவே யோசித்தார். அப்படியானால் உண்மையாகவே வேண்டாம் என்றால் எப்படிச் சொல்வீர்கள் என்று கேட்டார்.



"ஓடிருவோம் மேடம்" என்றாள் நாகஜோதி.

மேடம் சிரித்த சிரிப்பில் கண்ணாடி கீழே விழுந்தது. ஃபிளாஸ்க் மறுபடி வெளியே வந்தது. ஆளுக்கு இரண்டு மடக்கு.

பிப்ரவரி 6, வெள்ளி

பஸ் ஸ்டாப்பில் எக்ஸ்ரே தவசி பைக்கை நிறுத்தி, "வுட் யூ லைக் எ லிஃப்ட், சிஸ்டர்?" என்றான். எக்ஸ்ரேக்காரர்களுக்கு வகுப்பே கிடையாது, எங்கே பிடித்தானோ. நோ, தேங்க் யூ என்றேன். சரி என்று போய்விட்டான். பஸ் நாற்பது நிமிடம் கழித்து வந்தது.

பிப்ரவரி 10, செவ்வாய்

இன்று ஒரு அநியாயம் நடந்தது.

புது உத்தரவு போட்டிருக்கிறார்கள். எல்லா வார்டிலும், எல்லா நோயாளியிடமும், எந்த உதவியையும் ஒரு தடவைதான் கேட்க வேண்டும். வேண்டாம் என்றால் மதிக்க வேண்டும். 'கேட்கப்பட்டது, மறுத்துவிட்டார்' என்று தாளில் எழுத வேண்டும். ஆய்வுக்காரர்கள் அந்தத் தாளைத்தான் பார்ப்பார்களாம்.

9ஆம் படுக்கையில் ராக்கம்மாள், உசிலம்பட்டிப் பக்கம், நாற்பது வயது இருக்கும். பித்தப்பை ஆபரேஷன். காலையிலிருந்து கஞ்சி கொடுக்கலாம் என்று டாக்டர் எழுதிவிட்டார். நான் மதிய ஷிஃப்டுக்கு வந்து தாளைப் பார்க்கிறேன். எட்டு மணி, மறுத்துவிட்டார். பத்தரை, மறுத்துவிட்டார். ஒரு மணி, மறுத்துவிட்டார். முத்து முத்தான கையெழுத்து. எழுதியவள் புதிதாகச் சேர்ந்த பிள்ளை. அவளைத் திட்டி என்ன பயன்? சொன்னதைச் செய்திருக்கிறாள்.

ஏன்க்கா வேண்டாம் என்றீர்கள் என்று ராக்கம்மாளிடம் கேட்டேன்.

"வேணும்னு எப்பிடித் தாயி வாயத் தொறந்து சொல்லுறது?"

கஞ்சி கொண்டுவந்தேன். இருக்கட்டும் தாயி என்றார். குடியுங்கக்கா என்றேன். ஒனக்கு எதுக்குச் செரமம் என்றார். கரண்டியை வாயருகே கொண்டுபோனேன். இரண்டு கிண்ணம் குடித்தார். பிறகு என் ஊர், தெரு, அப்பா பெயர், கல்யாணம் ஆகிவிட்டதா என்று எல்லாம் கேட்டார். அதையெல்லாம் கேட்க வாய் திறந்தது.

பிப்ரவரி 12, வியாழன்

வகுப்பு முடிந்ததும் ஷீபா மேடத்திடம் சண்டைக்கே போய்விட்டேன். ஒரு தடவை கேட்டுவிட்டு நகர்வது மரியாதை இல்லை, தப்பித்துக்கொள்வது என்றேன். டீலக்ஸ் ரூம்காரர்கள் மணியை அழுத்தி வேண்டியதைக் கேட்டு வாங்கிக்கொள்வார்கள். பொது வார்டில் இருப்பவர்கள் இந்தத் தாளால் பட்டினி கிடப்பார்கள் என்றேன். உங்கள் இங்கிலீஷ் அவர்களுக்கு மட்டும்தான் நல்லது செய்கிறது என்றும் சொல்லிவிட்டேன். அது கொஞ்சம் அதிகம்.

மேடம் கோபப்படவில்லை. பொது வார்டுக்கு அந்தத் தாள் வேண்டாம் என்று இன்றே மேலே எழுதிக் கொடுத்துவிட்டார். பிறகு என்னிடம் கேட்டார். "சரிங்க பேச்சி. நீங்க வேண்டாம்னு சொன்னது எத்தன தடவ எடுபட்டிருக்குங்க?"

வேலை இருக்கிறது என்று சொல்லி வந்துவிட்டேன்.

போன வருடம் என்னை மூன்று மாப்பிள்ளை வீட்டார் பார்க்க வந்தார்கள். மூன்று தடவையும் வேண்டாம் என்றேன். பிள்ளைக்கு வெட்கம் என்றார்கள். கடைசியில் அவர்களாகவே நகைப் பேரம் படியாமல் முறித்துக்கொண்டார்கள். நான் சொன்னதற்காக ஒன்றும் நிற்கவில்லை.

பிப்ரவரி 13, வெள்ளி

அழகர்கோவில் ரோட்டில் சைக்கிளிலிருந்து விழுந்த ஸ்காட்லாந்துக்காரர் ஒருவரைச் சேர்த்திருந்தார்கள். தோள்பட்டை எலும்பு முறிவு. நாகஜோதிக்கு அவர் அறையில் டியூட்டி. அவர் இரண்டு இட்லியோடு நிறுத்திவிட்டு நோ, தேங்க் யூ என்றாராம். இவள் பழக்கதோஷத்தில், "ஈட், சார். லிட்டில் ஈட், சார்" என்று தட்டை நகர்த்தாமல் நின்றிருக்கிறாள். அவர் ஏழு இட்லி சாப்பிட்டார். இன்று டிஸ்சார்ஜ். கருத்துச் சீட்டில், 'என் தாய்க்குப் பிறகு யாருக்கும் நான் இவ்வளவு பயந்ததில்லை, நன்றி' என்று எழுதியிருக்கிறார்.

இதைப் பாராட்டில் சேர்ப்பதா புகாரில் சேர்ப்பதா என்று ஆபீசில் இன்னும் முடிவாகவில்லை.

பிப்ரவரி 17, செவ்வாய்

ஏ.ஓ.விடம் இரண்டாவது தடவை. ஆய்வு முடியட்டும்மா, பாக்கலாம் என்றார். மார்ச் 4 என்று தேதியைச் சொன்னேன். பாக்கலாம் என்றுதானே சொல்கிறேன் என்றார்.

இதற்கு நடுவில் எனக்கு ஒரு கௌரவம் கிடைத்திருக்கிறது. ஆய்வுக்காரர்கள் முன்னால் ஏ.ஓ. வார்டைச் சுற்றி வருவார். நிர்வாகம் ஊழியர்களை எப்படிக் கவனித்துக்கொள்கிறது என்று காட்டுவதற்காக ஒரு நர்ஸிடம் நின்று, "சிஸ்டர், கேன் ஐ ஹெல்ப் யூ வித் எனிதிங்?" என்று கேட்பார். அவள், "நோ, தேங்க் யூ, சார். எவ்ரிதிங் இஸ் ஃபைன்" என்று சொல்ல வேண்டும். உச்சரிப்பு நன்றாக இருப்பதால் அந்த நர்ஸ் நான். தாளில் டைப் செய்தே கொடுத்துவிட்டார்கள்.

இன்று ஒத்திகை. ஏ.ஓ. நான்கு தடவை நடந்து வந்து நான்கு தடவை கேட்டார். நான்கு தடவையும் எனக்கு எதுவும் வேண்டாம் என்று சொன்னேன். நான்காவது தடவை இன்னும் கொஞ்சம் சிரிச்ச மாதிரி சொல்லும்மா என்றார்.

ஹாஸ்டலில் நாகஜோதி தலைக்கு எண்ணெய் வைத்துக்கொண்டே, "அவரு நாலு வாட்டி கேட்டுட்டாருடி. நம்ம கணக்குக்கு மூணே போதும்" என்றாள்.

எனக்குச் சோறு இறங்கவில்லை. பயம் இல்லை. சாம்பார் புளித்துவிட்டது.

பிப்ரவரி 20, வெள்ளி

தவசி இரண்டாவது தடவை கேட்டான். நோ, தேங்க் யூ. இவனுக்கு ஹெல்மெட் எப்போதும் இரண்டு எதற்கு?

பிப்ரவரி 23, திங்கள்

தவசி பஸ் ஸ்டாப்பைத் தாண்டிப் போனான். கையை மட்டும் ஆட்டினான். நிறுத்தவில்லை, கேட்கவில்லை. இரண்டு தடவை வேண்டாம் என்றால் அப்படியே நம்பிவிடுகிறதா? என்ன ஆளோ.

நாளை ஆய்வு. யூனிஃபார்மை இரண்டு தடவை தேய்த்தேன்.

பிப்ரவரி 24, செவ்வாய்

சொல்லிவிட்டேன்.

ஆய்வுக்காரர்கள் இரண்டு பேர். ஒரு வயதான டாக்டர், ஒரு அம்மா. அந்த அம்மா ஹைதராபாத், தமிழ் ஒரு வார்த்தை தெரியாது. பதினொன்றே காலுக்கு எங்கள் வார்டுக்கு வந்தார்கள். கூட ஏ.ஓ., நாலைந்து டாக்டர்கள், பின்னால் ஷீபா மேடம். வார்டில் எங்களில் ஏழு பேர். மருந்து டிராலி பக்கத்தில் நான், குறித்த இடத்தில். ஏ.ஓ. ஒத்திகையில் நடந்த மாதிரியே நடந்து வந்து, அதே இடத்தில் நின்று, அதே சிரிப்போடு கேட்டார்.

"சிஸ்டர், கேன் ஐ ஹெல்ப் யூ வித் எனிதிங்?"

டிராலியைப் பிடித்துக்கொண்டேன்.

"எஸ், ப்ளீஸ். தட்ஸ் வெரி கைண்ட் ஆஃப் யூ, சார்."

அவர் முகத்தில் சிரிப்பு அப்படியே இருந்தது. தலையாட்டிவிட்டு ஒரு அடி எடுத்தும் வைத்துவிட்டார். வேண்டாம் என்பதைக் கேட்கத் தயாராக இருந்த காதில் வேறு எதுவும் ஏறவில்லை. அந்த அம்மாதான் நின்றார். எஸ் என்றால் என்ன உதவி வேண்டும் என்று என்னைக் கேட்டார்.

இதற்குத் தாளில் வரி இல்லை. நானே சேர்த்துப் பேசினேன். "ஐ நீட் மை ஒரிஜினல் சர்டிஃபிகேட்ஸ், மேடம். மை பாண்ட் இஸ் ஓவர். தே ஆர் இன் சார்ஸ் பீரோ."

பீரோவுக்கு இங்கிலீஷ் அந்த நேரத்தில் வரவில்லை. அந்த அம்மாவுக்குப் புரிந்தது. சான்றிதழ்கள் உங்களிடமா இருக்கின்றன என்று ஏ.ஓ.வைக் கேட்டார். பத்திரமாக இருக்கட்டும் என்று பிள்ளைகளே கொடுத்து வைத்திருக்கிறார்கள் என்றார் அவர்.

அப்போது 6ஆம் படுக்கைப் பக்கமிருந்து, முகத்தை அசைக்காமல், "மீ ஆல்சோ, ப்ளீஸ், சார்" என்றாள் நாகஜோதி.

பிறகு அந்தப் புதுப் பிள்ளை. பிறகு மற்ற நாலு பேரும் வரிசையாக, மீ ஆல்சோ, ப்ளீஸ். கடைசியில் வார்டு ஆயா கருப்பாயி அக்காவும் துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு, "மீ ஆல்ஸு" என்றார். அவர் சான்றிதழ் எதையும் யாரிடமும் கொடுக்கவில்லை. ஐந்தாம் வகுப்போடு நின்றவர். பிறகு கேட்டதற்கு, எல்லோரும் கேட்கும்போது நான் மட்டும் எப்படிச் சும்மா இருப்பது என்றார்.

ஏ.ஓ. "ஷ்யூர், சிஸ்டர்ஸ். வொய் நாட்" என்றார். அந்த அம்மா குறிப்பேட்டில் நாலு வரி எழுதினார்; நான் எண்ணினேன். ஷீபா மேடம் ஜன்னல் பக்கம் திரும்பி நின்றிருந்தார். சிரிப்பில் தோள் குலுங்கிக்கொண்டிருந்தது.

அவர்கள் போனதும் பாத்ரூமுக்குள் போய்க் கொஞ்ச நேரம் நின்றேன். கண்ணில் பினாயில் பட்டுவிட்டது.

பிப்ரவரி 25, புதன்

இன்னும் வேலையை விட்டு எடுக்கவில்லை. மூன்று பேருக்குக் கத்தீட்டர் மாற்றினேன்.

பிப்ரவரி 27, வெள்ளி

ஏ.ஓ. கூப்பிட்டார். உட்காரும்மா என்றார். இரண்டு வருடத்தில் அந்த நாற்காலியில் முதல் தடவையாக உட்கார்ந்தேன். டீ சாப்பிடுறியா என்று கேட்டார். சாப்பிடுறேன் சார் என்றேன். ஒரே தடவையில் சொல்லிவிட்டேன், அவருக்கே ஆச்சரியம்.

பழுப்புக் கவரை நீட்டினார். பிரித்துப் பார்த்தேன். எல்லாம் இருந்தது. பிளஸ் டூ மார்க் ஷீட்டில் என் போட்டோ. இரட்டைச் சடை, மூக்கில் பவுடர். இந்தக் கழுதையையா பூட்டி வைத்திருந்தார்கள் என்று நினைத்தேன். அந்த அறையிலேயே சிரித்துவிடப் பார்த்தேன்.

பிறகு விஷயத்துக்கு வந்தார். ஆய்வுக்காரர்களுக்கு ஒரு பதில் அனுப்ப வேண்டும், உன் பிரச்சினை தீர்ந்ததென்று ஒரு கையெழுத்துப் போடு என்றார். அரசாங்க வேலை ஆர்டர் வர மாசக்கணக்கில் ஆகும், அதுவரை உன்னை வார்டு இன்சார்ஜ் ஆக்குகிறேன் என்றார். மற்றவர்களைப் பற்றி நீ பேச வேண்டாம், அவ்வளவுதான்.

தமிழில் வேண்டாம் சார் என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் பிள்ளைக்குக் கூச்சம் என்று இன்னொரு தடவை கேட்பார். பிறகு இன்னொரு தடவை. மூன்றாவது தடவைக்கு நான் எப்படி இருப்பேனோ, எனக்கே தெரியாது.

"நோ, தேங்க் யூ, சார்."

அது அவர் காதில் விழுந்தது. மறுபடி கேட்கவில்லை. அந்த மொழியில் எனக்குப் பிடித்த வார்த்தை ஒன்று கிடைத்துவிட்டது. ஷீபா மேடத்திடம் இதைச் சொல்ல வேண்டும். சண்டை போட்டதையும் முழுதாகத் திரும்ப எடுத்துக்கொள்ளாமல் சொல்ல வேண்டும்.

கவரை மார்போடு அணைத்துக்கொண்டு படியில் இறங்கினேன். லிஃப்ட் இருந்தது. இறங்கி ஓட வேண்டும்போல இருந்தது.

மார்ச் 2, திங்கள்

நாளைக் காலை வைகை எக்ஸ்பிரஸ். அந்த நேரத்துக்கு ஹாஸ்டல் பக்கம் ஆட்டோ கிடைப்பது கஷ்டம். எக்ஸ்ரே அறைக்குப் போய், ஸ்டேஷன் வரை கொண்டுவந்து விட முடியுமா என்று நானே தவசியிடம் கேட்டேன்.

"பாக்கலாம்" என்றான்.

என் முகம் போன போக்கைப் பார்த்துவிட்டு, அஞ்சே முக்காலுக்கு வாசல்ல நிப்பேன் என்றான். சிரிப்பை அடக்க ஈயத் தடுப்பின் பின்னால் போய் நின்றுகொண்டான். எக்ஸ்ரேக்குக் காத்திருந்த ஒரு பாட்டையா எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார்.

மார்ச் 3, செவ்வாய்

ஐந்தரைக்கே வந்துவிட்டான். ரயில் புறப்பட ஒரு மணி நேரத்துக்கு மேல் இருந்தது. பிளாட்பாரம் டிக்கெட் வாங்கி உள்ளே வந்து, ரயில் கிளம்பும் வரை நின்றான். பெட்டி கனமில்லை, அவன் தூக்கியிருக்க வேண்டியதில்லை. திண்டுக்கல்வரை ஒன்றும் படிக்க ஓடவில்லை.

மார்ச் 4, புதன்

முடிந்தது. ஒவ்வொரு தாளையும் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார்கள். சரி, அடுத்தவர் என்றார்கள். எழும்பூரில் பொங்கல், வடை, காப்பி. இன்னும் வேணுமா என்று சர்வர் கேட்டார். வேணும் என்றேன். நாகஜோதிக்கு போன் செய்தேன். அவள் ஹாஸ்டல் மாடி அதிரக் கத்தியது சென்னைவரை கேட்டது. அவளுக்கும் முகம் அசையும் என்று இன்றுதான் தெரிந்தது.

தவசிக்கும் சொன்னேன். தகவலுக்காக.

மார்ச் 6, வெள்ளி

நேற்று திரும்பி வந்தேன். இன்று டியூட்டி. நான் வராமல்கூட இருந்திருக்கலாம், என் தாள்கள் என் பெட்டியில் இருக்கின்றன. தவசி என்ன செய்யப்போகிறாய் என்று கேட்டான். சொன்னேன். உதவி வேண்டுமா என்றான். எஸ், ப்ளீஸ் என்றேன். எல்லா மாடிக்கும் போய்த் தகவல் சொல்லிவிட்டு வந்தான்.

நோயாளிகளை யாரும் விட்டுவரவில்லை. ஷிஃப்ட் மாறுகிற இரண்டரை மணிக்குக் கூடினோம். வார்டில் இருந்தாக வேண்டியவர்கள் தங்கள் பெயரை எழுதிக் கொடுத்தார்கள். மற்றவர்கள் ஏ.ஓ. அறை வாசலில் இரண்டு வரிசை. வராந்தாவில் கல்யாண வீட்டுச் சத்தம். யாரோ மிக்சர் பொட்டலம் பிரித்தார்கள். கருப்பாயி அக்காவும் புதுப் புடவை கட்டி வந்து முதல் வரிசையில் நின்றார். எதற்கு அக்கா என்று கேட்க யாருக்கும் தோன்றவில்லை.

நானும் நாகஜோதியும் உள்ளே போனோம். ஏ.ஓ. போனில் இருந்தார். வைத்தார். கதவுக்கு வெளியே நின்ற வெள்ளை யூனிஃபார்ம்களைப் பார்த்தார். உனக்குத்தான் கொடுத்தாச்சேம்மா என்றார்.

மேசையில் முப்பத்தொரு பெயர் எழுதிய தாளை வைத்தேன். இதற்கு நான் தமிழிலேயே பேசினேன், நிதானமாக, வெளியே நிற்கிறவர்களுக்கும் கேட்கும்படி.

"மத்த முப்பத்தொரு பேரோட சர்டிபிகேட்டையும் இப்ப எடுத்து இந்த மேசைமேல வைங்க சார்."

அவர் தாளைப் பார்த்தார். பீரோவைப் பார்க்கவில்லை. நாகஜோதி அவர் எதிரே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

அவளை உள்ளே காவலுக்கு விட்டுவிட்டு, இதை அவர் அறை வாசல் பெஞ்சில் உட்கார்ந்து எழுதுகிறேன். மணி நாலே கால். உள்ளே நாகஜோதி எழுந்து நிற்கிறாள்.

"பேரு வாசிக்கிறேன் சார். ஒவ்வொன்னா எடுத்து வைங்க. மொதல்ல, அன்னக்கிளி."